ஏசக்கூடச் சொல் இல்லை: பெண்ணை விரும்பும் பெண்களின் சிரிப்பும் பெயரும்

எங்கள் பக்கம் பெண்பிள்ளைக்குச் சடங்கு சுற்றும்போது சில வீடுகளில் ஒரு விளையாட்டு நடக்கும். தண்ணீர் ஊற்றி, பட்டுச்சேலை கட்டி, மணையில் உட்காரவைத்த பிள்ளைக்குப் பக்கத்தில் அவளுடைய அத்தை மகளையோ மாமன் மகளையோ மாப்பிள்ளை வேஷம் போட்டு உட்காரவைப்பார்கள். அம்பாசமுத்திரம் பக்கத்துக் கிராமம் ஒன்றில், எனக்குப் பதினொரு வயதாக இருக்கும்போது, அந்த மாப்பிள்ளை நான்தான். தாத்தாவின் வேட்டியை மூன்று சுற்றுச் சுற்றிக் கட்டிவிட்டார்கள். ஆச்சி மைச் சிமிழில் சுண்டுவிரலைத் தொட்டு என் மேலுதட்டில் மீசை வரைந்தாள். இடது பக்கம் கொஞ்சம் தூக்கலாகப் போய்விட்டது. "ஏட்டி, நிமிந்து உக்காரு. மாப்ளைன்னா ஒரு வெறப்பு வேண்டாமா?" என்றாள்.

வீடு முழுக்கச் சிரிப்பு. தார்சாவில் இருந்த ஆண்கள்கூட எட்டிப் பார்த்தார்கள். "சோடி அம்சமா இருக்கே, வெளிய எதுக்கு மாப்ள தேடணும்?" என்று ஒரு சித்தி சொல்ல, இன்னொருத்தி எங்கள் இரண்டு பேர் கையிலும் உளுந்தங்களி உருண்டையைக் கொடுத்து மாற்றி மாற்றி ஊட்டச் சொன்னாள். மாமன் மகள் வெட்கத்தில் சிரித்தாள். நான் சிரிக்கவில்லை. மாப்பிள்ளை விறைப்பாக இருக்கவேண்டும் என்று ஆச்சி சொல்லியிருந்தாள் என்பது ஒரு காரணம். இன்னொரு காரணத்தை அப்போது சொல்லத் தெரியவில்லை. அன்று ராத்திரி முகம் கழுவாமல் படுத்தேன். காலையில் தலையணை உறையில் கறுப்பாக ஒட்டியிருந்ததைப் பார்த்து அம்மா சத்தம் போட்டாள். ஏன் கழுவவில்லை என்று கேட்டாள். என்ன சொல்ல முடியும்?

பெண்ணும் பெண்ணும் சோடி சேர்வதை எங்கள் ஊர் வாய்விட்டுப் பேசிய ஒரே இடம் அந்தக் கேலிதான். கோயில் கொடையில் பேசவில்லை, பள்ளிக்கூடத்தில் பேசவில்லை, வீட்டுக்குள் கதவைச் சாத்திக்கொண்டும் பேசவில்லை. சிரிப்பில் மட்டும் பேசினார்கள். அதனால்தான் என்னைப் போன்ற பெண்களின் வாழ்க்கையையும் எழுத்தையும் புரிந்துகொள்ள வேண்டுமானால் நகைச்சுவையிலிருந்து தொடங்க வேண்டும் என்கிறேன். பலரும் துக்கத்திலிருந்து தொடங்குகிறார்கள். துக்கம் உண்மைதான். ஆனால் எங்களுக்குப் பெயர் வருவதற்கு முந்தியே சிரிப்பு வந்துவிட்டது.

மதினி, கொழுந்தியா உறவைப் பாருங்கள். திருநெல்வேலிப் பக்கம் இந்த முறைக்காரிகளுக்கு ஒருத்தியை ஒருத்தி எவ்வளவு வேண்டுமானாலும் கேலி பண்ண உரிமை உண்டு. கோபப்பட மட்டும் உரிமை கிடையாது. பீடி சுற்றுகிற வீடுகளில் சொளவை, அதாவது முறத்தை, மடியில் வைத்துக்கொண்டு வரிசையாக உட்கார்ந்திருக்கும் பெண்களிடம் போய் ஒரு மணி நேரம் இருந்தால் போதும். கை இலையை வெட்டும், தூளைப் போட்டுச் சுருட்டும், நூலைக் கட்டும். வாய் அது பாட்டுக்கு ஓடும். "மதினி, நீ மட்டும் ஆம்பளையா இருந்தா ஒன்னையவே கட்டியிருப்பேன்" என்பது அங்கே தினமும் விழுகிற வாசகம். எல்லோரும் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்புக்குள் ஒருத்தி மட்டும் கையை நிறுத்தாமல், தலையை நிமிர்த்தாமல் இருப்பாள். ராட்கிளிஃப்-பிரவுன் என்ற மானிடவியலாளர் 1940-ல் இப்படிப்பட்ட கேலி உறவுகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். உரசல் வர வாய்ப்புள்ள உறவுகளுக்கிடையில், கேலியைக் கட்டாயமாக்கி, கோபத்தைத் தடைசெய்து, சமூகம் பதற்றத்தைத் தணிக்கிறது என்பது அவர் வாதம். எங்கள் சொளவுக்கும் அது பொருந்தும். எதைப் பேசக்கூடாதோ அதைப் பேசவைத்து, பேசியதை இல்லை என்றும் ஆக்கிவிடுகிறது கேலி.

தொல்காப்பியர் அகத்தியரின் மாணவர் என்றும், அகத்தியர் எங்கள் பொதிகை மலையில் இருக்கிறார் என்றும் நம்புகிற சீமை இது. அந்தத் தொல்காப்பியம், உள்ளத்து உணர்ச்சி உடம்பில் தெரிகிற மெய்ப்பாடுகள் எட்டு என்று சொல்லி, முதலாவதாக நகையை, அதாவது சிரிப்பை, வைக்கிறது. அழுகைகூட அதற்குப் பிறகுதான். நகை பிறக்கும் இடங்கள் நான்கு: எள்ளல், இளமை, பேதைமை (அறியாமை), மடன் (கண்டதை அப்படியே நம்புவது). இந்த நான்கையும் படித்தபோது, பெண்ணை விரும்பும் பெண்ணைப் பார்த்து ஊர் எப்படியெல்லாம் சிரிக்கிறது என்பதற்கு யாரோ முன்கூட்டியே குறிப்பு எழுதிவைத்தது போல இருந்தது எனக்கு.

இளமையால் வருகிற சிரிப்பு எல்லோருக்கும் தெரிந்தது. "சின்னப்பிள்ளைக, ரெண்டும் ஒட்டிக்கிட்டே திரியுதுக. கல்யாணம் ஆனா சரியாப் போவும்." பதினாறு வயதில் இரண்டு பெண்கள் ஒரே ஜடை ரிப்பன், ஒரே குடை, ஒரே சைக்கிள் என்று அலைவதைப் பார்த்து ஊர் அன்போடுதான் சிரிக்கிறது. அந்த அன்புக்கு ஒரு கெடு உண்டு. இருபத்தி மூன்று வயதில் அதே சைக்கிளில் போனால் யாரும் சிரிப்பதில்லை.

பேதைமை வேறு மாதிரி. பாளையங்கோட்டையில் நானும் என் காதலியும் முதன்முதலில் வீடு பார்க்கப் போனபோது வீட்டுக்கார அண்ணாச்சி, "ரெண்டு பேரும் அக்கா தங்கச்சியாம்மா?" என்று கேட்டார். முகச்சாடை ஒட்டவே ஒட்டாது. அவள் என்னைவிட அரையடி உயரம். "கூட்டாளிக, அண்ணாச்சி" என்றோம். அவருக்கு ரொம்ப சந்தோஷம். "பொம்பளப் பிள்ளைக தானே, வீட்டுக்கு ஒரு தொந்தரவும் இருக்காது" என்று முன்பணத்தில் பாதியைக் குறைத்துக்கொண்டார். ஆணும் பெண்ணுமாகப் போயிருந்தால் கல்யாணப் பத்திரிகை கேட்டிருப்பார். இரண்டு பெண்களுக்கு நடுவில் எதுவும் நடக்க வாய்ப்பே இல்லை என்ற அவருடைய பேதைமை எங்களுக்குக் கூரையாக இருந்தது. ஐந்து வருஷம் அந்தக் கூரைக்குள் இருந்தோம். குனிந்துதான் இருந்தோம். தெருவில் அவள் கையைப் பிடித்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள் என்பது நிம்மதியா வருத்தமா என்று இன்றைக்கும் எனக்குத் தெளிவில்லை.

எள்ளலைப் பற்றித்தான் அதிகம் சொல்லவேண்டும். அதற்கு உரை எழுதும்போது பேராசிரியர் என்ற பெயர்கொண்ட பழைய உரைகாரர் அதை இரண்டாகப் பிரிக்கிறார். தான் பிறரை எள்ளிச் சிரிப்பது ஒன்று. பிறரால் எள்ளப்படும்போது தானே சிரிப்பது இன்னொன்று. அடிபட்டவர் சிரிக்கிற சிரிப்பை, அடித்தவர் சிரிக்கிற சிரிப்பிலிருந்து பிரித்து வைத்த அந்த உரைகாரரை நினைத்தால் மனம் நெகிழ்கிறது. எங்கள் வாழ்க்கை முழுக்க அந்த இரண்டாவது சிரிப்பில்தான் ஓடுகிறது.

இதில் ஒரு விநோதம் உண்டு. எள்ளுவதற்குச் சொல் வேண்டும் இல்லையா? ஏச்சுக்குப் பஞ்சம் இல்லாத சீமை எங்களுடையது. சவத்த மூதி, கோட்டி, செத்த பய என்று கொஞ்சுவதற்கே பத்து ஏச்சு உண்டு. கோபத்துக்கு நூறு உண்டு. கரிசல் காட்டுப் பேச்சு வழக்கை கி. ராஜநாராயணன் 1982-ல் அகராதியாகவே கொண்டுவந்தார். அவ்வளவு சொல் வளம். பெண் நடை நடக்கும் ஆணுக்கு ஏச்சு உண்டு. ஆணுக்கு அடங்காத பெண்ணுக்கு உண்டு. 'அல்லி ராஜ்ஜியம்' என்று ஒரே சொல்லில் முடித்துவிடுவார்கள். அந்த அல்லி கதையை நினைத்துப் பாருங்கள்: மந்திரி முதல் சேவகர் வரை பெண்களே இருந்த அரசு, கடைசியில் அர்ச்சுனன் அவள் தூங்கும்போது தாலி கட்டுவதில் முடிகிறது. ஆனால் பெண்ணைக் காதலிக்கும் பெண்ணுக்கென்று ஓர் ஏச்சை எங்கள் ஊரில் நான் காதால் கேட்டதே இல்லை. ஏசுவதற்குக்கூட எங்களை யாரும் நினைத்துப் பார்க்கவில்லை.

இது எங்கள் ஊருக்கு மட்டும் உரியதல்ல. 1921-ல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் பெண்களுக்கிடையிலான உறவைக் குற்றமாக்க ஒரு திருத்தம் வந்தது. பொதுச்சபை ஏற்றது, பிரபுக்கள் சபை தள்ளிவிட்டது. தள்ளியதற்குக் காரணம் இரக்கம் அல்ல. ஆயிரம் பெண்களில் 999 பேர் இப்படி ஒன்றைக் கேள்விப்பட்டதே இல்லை, சட்டம் போட்டால் தெரிந்துகொள்வார்கள் என்று பிர்க்கென்ஹெட் பிரபு வாதாடினார். சொல் தெரிந்தால் ஆள் தெரிந்துவிடும் என்ற அந்தப் பயம், எங்கள் சொளவுகளுக்கு நடுவில் இருக்கும் மௌனத்தின் அதே பயம்.

'லெஸ்பியன்' என்ற சொல்லே ஓர் ஊர்ப்பெயர்தான். கிரேக்க நாட்டின் லெஸ்பாஸ் தீவில், கிறிஸ்து பிறப்பதற்கு அறுநூறு ஆண்டுகளுக்கு முன், சாப்போ என்ற பெண் கவி பெண்கள் மீதான காதலைப் பாடினாள். அவள் ஊர்க்காரி என்ற சொல், பெண்ணை விரும்பும் பெண் என்ற பொருளுக்கு நகர்ந்துவிட்டது. 2008-ல் அந்தத் தீவுக்காரர்கள் மூன்று பேர், நாங்கள்தான் அசல் லெஸ்பியன்கள், மற்றவர்கள் இந்தப் பெயரை வைத்துக்கொள்ளக் கூடாது என்று ஏதென்ஸ் நீதிமன்றத்துக்குப் போனார்கள். வழக்கு தள்ளுபடி ஆனது. 'திருநெல்வேலிக்காரி' என்று யாராவது என்னைக் கூப்பிடும்போது எனக்கு இந்த வழக்கு நினைவுக்கு வரும். நான் ஒரே சமயத்தில் இரண்டு ஊர்க்காரி.

பெயர் எப்படி உண்டாகிறது என்பதற்குப் பக்கத்திலேயே ஒரு பாடம் இருக்கிறது. திருநங்கைகளுக்கு எங்கள் தெருக்களில் கொடூரமான ஏச்சுகள் இருந்தன. அவற்றை எதிர்த்துப் போராடி, தங்களுக்குள் இருந்த கும்மியையும் கேலியையும் உரமாக்கி, திருநங்கை என்ற மரியாதைச் சொல்லை நிலைநாட்டினார்கள். 2008-ல் தமிழ்நாட்டில் அவர்களுக்கு நலவாரியமே வந்தது. அவர்களிடம் கவிழ்த்துப் போட ஒரு சொல் இருந்தது. அமெரிக்காவிலும் அப்படித்தான். பெண் விரும்பிகளை இழிவாகச் சொன்ன 'டைக்' என்ற வார்த்தையைத் தன் படக்கதைத் தொடரின் தலைப்பிலேயே வைத்தார் அலிசன் பெக்டெல். 1983 முதல் 2008 வரை, இருபத்தைந்து வருஷம் ஓடிய தொடர் அது. அதில் வருகிற பெண்கள் சமைக்கிறார்கள், பூனை வளர்க்கிறார்கள், வாடகைக்கு அல்லாடுகிறார்கள், அரசியல் பேசிச் சண்டை போடுகிறார்கள். ஏச்சைப் பெயர்ப்பலகையாக மாட்டிவிட்டு உள்ளே சாதாரணமாகக் குடித்தனம் நடத்துவது போல. எங்களுக்குக் கவிழ்த்துப் போட ஒன்றும் இல்லாததால், வெறும் இடத்திலிருந்து தொடங்க வேண்டியிருந்தது. தன்பாலீர்ப்பு, பால்புதுமை என்ற சொற்கள் வந்தபோது அவை தாளில் நன்றாக இருந்தன. ஆச்சியிடம் எப்படிச் சொல்வது?

எழுத்துக்கு வருகிறேன். 1928-ல் லண்டனில் சில மாத இடைவெளியில் இரண்டு நாவல்கள் வந்தன. ராட்கிளிஃப் ஹால் எழுதியது, பெண்ணை விரும்பும் பெண்ணின் வேதனையை ஒரு சிரிப்புகூட இல்லாமல், எங்களுக்கும் வாழ உரிமை கொடுங்கள் என்று கெஞ்சும் குரலில் சொன்னது. அதில் கொச்சையாக ஒரு வரி கிடையாது. ஆனாலும் ஆபாசம் என்று நவம்பரில் நீதிமன்றம் பிரதிகளை அழிக்கச் சொன்னது. அக்டோபரில் வெளியான வர்ஜீனியா வுல்ஃபின் 'ஆர்லாண்டோ' தன் காதலுக்குரிய வீட்டா சாக்வில்-வெஸ்டுக்கு எழுதிய நாவல். முந்நூறு வருஷத்துக்கு மேல் சாகாமல் வாழும் ஒரு பிரபு நடுவில் ஒருநாள் பெண்ணாக விழித்தெழுகிறான். முழுக்க விளையாட்டு. அதை யாரும் தொடவில்லை. நன்றாக விற்றது. அழுதவள் மாட்டிக்கொண்டாள், சிரித்தவள் தப்பித்தாள். இதைச் சொல்லும்போது ஹாலைக் குறைத்துப் பேசுவதாக நினைக்கவேண்டாம். அந்த அழுகை இல்லாவிட்டால் எத்தனையோ பெண்கள் தங்களைத் தாங்களே கண்டுகொண்டிருக்க மாட்டார்கள். ஆனால் சிரிப்புக்கு ஒரு கடவுச்சீட்டு இருந்தது என்பது நடந்த விஷயம்.

நம் பக்கத்தில் இதற்குச் சமமாக நான் வைப்பது உருதுவில் இஸ்மத் சுக்தாய் 1942-ல் எழுதிய 'லிஹாஃப்'. போர்வை என்று பொருள். கணவன் திரும்பிப் பார்க்காத பேகம் ஒருத்திக்கும் அவளுக்கு உடம்பு பிடித்துவிடும் வேலைக்காரிக்கும் உள்ள உறவு. அதைச் சொல்வது அதே அறையில் படுத்திருக்கும் சிறுமி. அவள் பார்ப்பது சுவரில் ஆடும் போர்வையின் நிழலை மட்டும். உள்ளே யானை புகுந்துவிட்டது என்று நினைக்கிறாள். தொல்காப்பியம் சொன்ன பேதைமையும் மடனும் அப்படியே இந்தச் சிறுமியிடம் இருக்கின்றன. அறியாமையும், கண்டதை அப்படியே நம்புகிற பிள்ளைத்தனமும். சிறுமிக்குத் தெரியாதது வாசகருக்குத் தெரிகிறது, அந்த இடைவெளியில் சிரிப்பும் பிறக்கிறது, வயிற்றில் ஒரு பிசைவும் பிறக்கிறது. லாகூர் நீதிமன்றத்தில் ஆபாச வழக்கு நடந்தது. அந்த வழக்கைத் தன் வாழ்க்கைக் குறிப்பில் சுக்தாய் எழுதியிருக்கிறார்: எந்த வார்த்தை ஆபாசம் என்று சாட்சியிடம் கேட்டார்களாம். 'காதலர்களைச் சேர்த்துக்கொள்வது' என்று எழுதியிருப்பது தவறு, நல்ல வீட்டுப் பெண்கள் அப்படிச் செய்யமாட்டார்கள் என்றாராம் சாட்சி. சுட்டிக்காட்ட ஒரு கெட்ட வார்த்தைகூடக் கதையில் கிடைக்கவில்லை. சுக்தாய் விடுதலையானார். வார்த்தை இல்லாத இடத்தில்தான் எல்லாம் இருந்தது. எங்கள் ஊர்ச் சொளவுக்காரிகளுக்கு இந்த உத்தி படிக்காமலே தெரியும்.

சுனிதி நம்ஜோஷியைத் தமிழில் இன்னும் அதிகமாகப் பேசவேண்டும் என்பது என் ஆதங்கம். 1941-ல் பம்பாயில் பிறந்தவர், இந்திய ஆட்சிப் பணியில் இருந்துவிட்டு வெளிநாடு போனவர். 1981-ல் அவர் எழுதிய பெண்ணிய நீதிக்கதைகள் பஞ்சதந்திரத்தின் மூக்கைப் பிடித்துத் திருப்பியவை. 1985-ல் வந்த நாவலில் அவர் பெயரையே கொண்ட நாயகிக்கு முன்னால் தெய்வம் தோன்றுகிறது. தெய்வம் ஒரு பசு. பெயர் பத்ராவதி. பெண்ணை விரும்பும் பிராமணப் பசு. இருவரும் பேசிக்கொண்டே திரிகிறார்கள், பசு உருமாறிக்கொண்டே இருக்கிறது, நாயகி யார் என்பதும் மாறிக்கொண்டே இருக்கிறது. அடையாளம் என்பது இறுகிப்போன சிலை அல்ல, ஒருத்தியோடு பேசப் பேச மாறுகிற ஒன்று என்பதை இத்தனை லேசாகச் சொன்னவர் எனக்குத் தெரிந்து வேறு யாரும் இல்லை. நெல்லையப்பர் கோயில் வாசலில் நிற்கிற மாடுகளைப் பார்க்கும்போதெல்லாம் பத்ராவதியை நினைத்துக்கொள்வேன். மாடு பேசுகிற கதையைக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்த நாவல் அந்நியமாக இருக்கக் காரணமே இல்லை.

சிரிப்பின் கணக்கில் செலவுப் பக்கமும் உண்டு. அதை ஹன்னா கேட்ஸ்பி போல யாரும் சொன்னதில்லை. ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியாவில் வளர்ந்த நகைச்சுவைக் கலைஞர். அங்கே ஓரினச் சேர்க்கை 1997 வரை குற்றம். 2018-ல் உலகம் முழுக்கப் பார்த்த 'நானெட்' நிகழ்ச்சியில், பேருந்து நிறுத்தத்தில் நடந்த ஒரு சம்பவத்தை முதலில் வேடிக்கையாகச் சொல்கிறார். தன் காதலியிடம் வம்பு செய்கிறான் இவன் என்று நினைத்து ஒருவன் அடிக்க வருகிறான். பிறகு, அட, நீ பெண்ணா, பெண்களை நான் அடிப்பதில்லை என்று போய்விடுகிறான். அரங்கம் சிரிக்கிறது. நிகழ்ச்சியின் பின்பகுதியில் அதே கதைக்குத் திரும்புகிறார். அவன் போகவில்லை. திரும்பி வந்து அடித்தான். யாரும் தடுக்கவில்லை. சிரிப்பு வரவேண்டும் என்பதற்காகக் கதையை நடுவில் வெட்டியிருந்தேன் என்கிறார். விளிம்பில் இருப்பவர் தன்னைத் தானே கேலி செய்துகொள்வது பணிவு அல்ல, அவமானம் என்றும் சொல்கிறார். பேராசிரியரின் இரண்டாவது சிரிப்புக்கு இருபத்தொன்றாம் நூற்றாண்டில் வந்த உரை அது.

என் மீசைக் கதையையும் நான் அப்படி வெட்டித்தான் சொல்லிவந்தேன். கூட்டத்தில் சொன்னால் எல்லோரும் சிரிப்பார்கள். பிற்பாதி இது: மணையில் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த மாமன் மகளுக்குப் பத்தொன்பது வயதில் கல்யாணம் ஆனது. எனக்கு இருபத்தி நான்கு வயதில் மாப்பிள்ளை பார்த்தபோது வேண்டாம் என்றேன், ஏன் என்றும் சொன்னேன். முதலில் மந்திரித்தார்கள். பிறகு ஓர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனார்கள். அங்கிருந்த டாக்டர் என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் அம்மாவிடம் பேசி மாத்திரை எழுதிக் கொடுத்தார். அதைத் தின்றால் நாள் முழுக்கத் தூக்கம் வரும். மூன்று மாதம் நான் சிரித்ததாக நினைவில்லை.

இன்றைக்கு அது சட்டப்படி தவறு. மதுரையிலிருந்து வீட்டை விட்டுச் சென்னைக்கு வந்த இரண்டு பெண்கள் காவல்துறைத் தொந்தரவிலிருந்து பாதுகாப்புக் கேட்ட வழக்கில், 2021 ஜூன் 7-ல் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், ஒருவருடைய ஈர்ப்பை 'மாற்றும்' சிகிச்சைக்குத் தடை விதித்தார். தனக்கே இதைப் பற்றித் தெரியாது என்று ஒப்புக்கொண்டு, உளவியலாளரிடம் உட்கார்ந்து பாடம் கேட்டுவிட்டுத் தீர்ப்பு எழுதியவர் அவர். பேதைமையை ஒப்புக்கொள்வது எவ்வளவு பெரிய காரியம்! 2022-ல் தேசிய மருத்துவ ஆணையம் அந்தச் சிகிச்சையைத் தொழில் ஒழுக்கக்கேடு என்று அறிவித்தது. அதே ஆண்டு ஆகஸ்டில், ஊடகமும் அலுவலகமும் எங்களை எந்தச் சொல்லால் குறிக்கவேண்டும் என்ற சொற்பட்டியலைத் தமிழ்நாடு அரசு தன் அரசிதழில் வெளியிட்டது. ஏச்சுகூடக் கிடைக்காதவர்களுக்கு அரசிதழில் பெயர் கிடைத்தது. 2018 செப்டம்பர் 6-ல், ஓரினச் சேர்க்கையைக் குற்றமாக்கிய 377-ஆம் பிரிவை உச்ச நீதிமன்றம் தளர்த்தியது எல்லோருக்கும் தெரிந்த சேதி. 2023 அக்டோபரில் கல்யாண உரிமை இல்லை என்று அதே நீதிமன்றம் சொன்னதும் தெரியும்.

பெயர் வந்துவிட்டது, சரி. எங்களுக்குள் நாங்கள் என்ன சொல்லிச் சிரிக்கிறோம்? அங்கேதான் அடையாளம் ஊறுகிறது. அமெரிக்காவில் லீ டெலாரியா என்ற கலைஞர் சொல்லிப் பரவிய ஒரு ஜோக் உண்டு. பெண் விரும்பி ஒருத்தி இரண்டாவது சந்திப்புக்கு என்ன கொண்டுவருவாள்? வீட்டுச் சாமான் ஏற்றும் வண்டி. பார்த்த மறுநாளே குடியேறிவிடுவார்கள் என்ற கேலி. இதை நான் பாளையங்கோட்டையில் தோழிகளிடம் சொன்னேன். யாருக்கும் சிரிப்பு வரவில்லை. "எந்த வீட்டுக்கு ஏத்துவா?" என்று ஒருத்தி கேட்டாள். தனக்கென்று வீடும் வண்டிக்கூலியும் இருக்கிறவளின் ஜோக் அது. எங்கள் பெண்களில் பலர் கல்யாணம் என்ற ஒரே வாசல் வழியாகத்தான் பிறந்த வீட்டை விட்டு வெளியேற முடியும்.

எங்கள் ஜோக் தூக்குவாளியைப் பற்றியது. வந்த பாத்திரத்தை வெறும் பாத்திரமாகத் திருப்பிக் கொடுக்கக் கூடாது என்பது ஊர் வழக்கம். இதை வைத்துக்கொண்டு கல்லிடைக்குறிச்சிப் பக்கம் இரண்டு பெண்கள் பன்னிரண்டு வருஷம் ஓட்டியிருக்கிறார்கள். ஒருத்தி கூட்டாஞ்சோறு கொடுத்துவிட்டாள். இன்னொருத்தி அதே தூக்கில் சொதி கொண்டுபோனாள். அது திரும்பி வரும்போது முந்திரிக்கொத்து. வெறுமையாகக் கொடுக்க முடியாது என்பதால் அந்தத் தூக்கு நிற்கவே இல்லை. பித்தளைத் தூக்கு, மூடியில் ஒருபக்கம் நசுங்கல், அடியில் யாருடைய அம்மாவோ வெட்டிவைத்த இனிஷியல். எந்த வீட்டுத் தூக்கு என்பதே இரண்டு வீட்டுக்கும் மறந்துபோய்விட்டது. மாமியார்கள் மருமகள்களின் கைப்பக்குவத்தைப் பற்றிப் பெருமை பேசினார்கள். எங்கள் கூட்டத்தில் யாராவது புதிதாக ஒருத்தியைப் பற்றிப் பேச ஆரம்பித்தால், "தூக்கு போய்ட்டு வருதா?" என்றுதான் கேட்போம். அந்தக் கேள்விக்கு வெட்கப்பட்டுச் சிரிக்கிறவள் எங்களில் ஒருத்தி. அரசிதழ்ச் சொல்லைவிட இது எங்களுக்கு நெருக்கமாக இருக்கிறது. காரணம், இந்தச் சிரிப்பில் யாரும் கீழே இல்லை. எள்ளலும் இல்லை. தொல்காப்பியர் நான்கோடு நிறுத்திக்கொண்டார். கண்டுகொண்டதால் வருகிற சிரிப்பு என்று ஐந்தாவதாக ஒன்றை நான் சேர்ப்பேன்.

இந்தச் சீமையின் பழைய எழுத்தில் இதற்கு வேர் இருக்கிறதா என்று தேடினால் என் கை முக்கூடற்பள்ளில் போய் நிற்கிறது. சீவலப்பேரிப் பக்கம் தாமிரபரணியும் சிற்றாறும் கூடுகிற இடத்துக் கதை. பள்ளனுக்கு இரண்டு மனைவி. மூத்தவள் முக்கூடல்காரி, பெருமாள் பக்கம். இளையவள் மருதூர்க்காரி, சிவன் பக்கம். இருவரும் போடுகிற ஏசல் தமிழின் மிகச் சிறந்த சண்டைகளில் ஒன்று. உன் சாமி விஷம் தின்றவன் என்று ஒருத்தி, உன் சாமி மாடு மேய்த்தவன் என்று மற்றவள். அதைக் காதல் என்று சொல்ல நான் துணியமாட்டேன். பிரதியில் இல்லாததை ஏற்றுவது பிரதிக்குச் செய்யும் துரோகம். ஆனால் பெக்டெல் 1985-ல் தன் தொடரில் ஒரு விதியைச் சொன்னார்: கதையில் குறைந்தது இரண்டு பெண்கள் இருக்கவேண்டும், அவர்கள் ஒருவரோடு ஒருவர் பேசவேண்டும், ஆணைத் தவிர வேறு விஷயத்தையும் பேசவேண்டும். பள்ளனில் தொடங்கி வைணவம், சைவம் என்று பறக்கும் இந்தச் சண்டையில் பள்ளன் மெல்லக் காணாமல் போகிறான். சொல்லுக்குச் சொல் சளைக்காத இரண்டு பெண்கள் மட்டும் மிஞ்சுகிறார்கள். இறுதியில் சமாதானமும் ஆகிறார்கள். பெண்ணும் பெண்ணும் சமமாக நின்று பேசுகிற அந்த நடை, ஏச்சும் அன்பும் ஒரே மூச்சில் வருகிற அந்த நடை, எங்களுடைய சொத்து. நாளை நெல்லைப் பேச்சில் ஒரு பெண்காதல் நாவல் வந்தால் அது இந்த நடையில்தான் சண்டை போட்டுக்கொண்டு வரவேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

2025 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தில் இன்னொரு வழக்கு. வீட்டார் அடைத்துவைத்த ஒரு பெண்ணை மீட்க அவளுடைய துணைவி போட்ட ஆட்கொணர்வு மனு. நீதிபதிகள் ஜி.ஆர். சுவாமிநாதனும் வி. லட்சுமிநாராயணனும் அவளை அவள் விரும்பியபடி போகவிட்டார்கள். குடும்பம் அமைக்கக் கல்யாணம் மட்டுமே வழி அல்ல, தேர்ந்தெடுத்துக்கொண்ட குடும்பமும் குடும்பம்தான் என்று எழுதினார்கள். ஆண்-பெண் என்ற வழக்கமான ஈர்ப்புக்குள் அடங்காதவர்களைக் குறிக்கும் 'க்வியர்' என்ற சொல்லைப் பயன்படுத்தவே தங்களுக்குத் தயக்கமாக இருக்கிறது, அகராதியில் அதற்கு விசித்திரம் என்றல்லவா பொருள், அவர்களுக்கு அவர்களுடைய ஈர்ப்பு இயல்பானதுதானே என்றும் எழுதினார்கள். அந்தப் பரிவு எனக்குப் புரிகிறது. ஆனால் அந்தச் சொல்லை ஏச்சாக வாங்கி, சிரித்து, பெயராக அணிந்துகொண்ட மனிதர்களின் கதையும் அதற்குள் இருக்கிறது. ஏச்சே கிடைக்காத ஊரிலிருந்து வந்ததால் எனக்கு அதன் அருமை தெரிகிறது.

ஆச்சிக்கு இப்போது எண்பத்தாறு வயது. கண் மங்கல், காது நன்றாகக் கேட்கும். போன தை மாதம் என் காதலியும் நானும் ஊருக்குப் போயிருந்தோம். தார்சாவில் ஆச்சி காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் போய் உட்கார்ந்த அவளைக் கையால் தடவிப் பார்த்து, "நீதான் பாளையங்கோட்டைக்காரியா? நல்ல வளத்தி" என்றாள். என்னைக் காட்டி, "இவளுக்கு நான் சின்னதுல மீசை வரைஞ்சு விட்டேன், சொன்னாளா?" என்று கேட்டாள். அவள் சிரித்துவிட்டாள். ஆச்சியும் சிரித்தாள். "ஒரு பக்கம் கோணலாப் போச்சு. இவ அழிக்கவே இல்லையே" என்றாள். நான் அதை ஆச்சியிடம் ஒருநாளும் சொன்னதில்லை. அம்மாவும் சொல்லியிருக்க மாட்டாள்.

கிளம்பும்போது ஆச்சி அடுக்களையிலிருந்து ஒரு தூக்கை எடுத்துவரச் சொன்னாள். உள்ளே உளுந்தங்களி, இன்னும் சூடாக இருந்தது. என்னிடம் தரவில்லை. அவள் கையில் கொடுத்து, "தூக்கை நீ கொண்டு வந்து தா" என்றாள்.